பேசாத படத்துக்கு நான் தந்த வசனம்

எங்கள் அம்பத்தூர் அடுக்ககத்தில் மாதத்தின் இரண்டாம் ஞாயிறன்று சங்கக் கூட்டம் முடிந்ததும் மொட்டை மாடியில் படம் போடுவோம். படத்தைத் தேர்ந்தெடுப்பது என் பொறுப்பு. போன ஆடியில் ஒரு பேசாப்படம் கொண்டுபோனேன். எதிரெதிர் வீடுகளில் இரண்டு தம்பதிகள் நாள் முழுக்கச் சண்டை போடும் நகைச்சுவைப் படம். பிரதியில் ஆண்டு இல்லை. பெண்களின் தொப்பியை வைத்து, பேசும்படம் வருவதற்குச் சற்று முந்தையது என்று கணித்திருந்தேன்.

சற்று நேரத்தில் பிள்ளைகள் நெளிய ஆரம்பித்தார்கள். அந்தக் காலத்தில் நம் ஊர்க் கொட்டகைகளில் ஒருவர் திரையோரம் நின்று கதை சொல்வார் என்று படித்திருக்கிறேன். எனக்கும் அந்த ஆசை வந்தது. மைக்கை எடுத்தேன்.

திரையில் ஒரு மனைவி, தன் கணவன் தலையில் மாவைக் கொட்டினாள்.

"ரோட்ல போற வண்டிக்கெல்லாம் வழி உடுவ, ஊட்ல கீற என்ன மட்டும் பேச உட மாட்டியா?" என்றேன். மாடியே சிரித்தது. கணவன் நாற்காலியோடு கவிழ்ந்தான்.

"நீ பேசிகினே இரு, நான் மாங்காடு வரைக்கும் போய்ட்டு வந்துர்றேன்!"

சிரிப்பு இன்னும் பெரிதானது. ஆனால் தலைகள் திரையை விட்டு மூன்றாம் வரிசைக்குத் திரும்பின. என் பக்கத்து வீட்டு பஸ் டிரைவரும் அவர் மனைவியும் அங்கே உட்கார்ந்திருந்தார்கள். இரண்டு வசனங்களும் அவர்களுடையவை. எங்கள் படுக்கையறைச் சுவரைத் தாண்டி வந்தவை. நான் யோசித்து எடுக்கவில்லை. நாக்கில் தயாராக இருந்தன.

"அண்ணாத்தே, உன் டயலாக்கு!" என்று கீழ்வீட்டுக்காரர் கத்தினார். டிரைவர் சிரிக்கப் பார்த்தார். அவர் மனைவி எழுந்து படியிறங்கிப் போய்விட்டார்.

மறுநாளிலிருந்து அந்த வீட்டில் சண்டை கேட்பதில்லை. சண்டை வரும் நேரத்தில் டிவி அலறும். சீரியல் அழுகைக்கு அடியில் இரண்டு குரல்கள் அடங்கி முணுமுணுக்கும்.

"அவங்க வீட்ல அவங்க வாய்விட்டுச் சண்டை போடக்கூட வழியில்லாம பண்ணிட்டீங்களே," என்றாள் என் மனைவி. "போய் மன்னிப்புக் கேளுங்க."

போனேன். டிரைவரின் மனைவி கதவைத் திறந்தார். என் முகத்தைப் பார்த்ததும் அவரே பதறினார்.

"டிவி சவுண்டு ஜாஸ்தியா கீதா சார்? மன்னிச்சிக்கோங்க." உள்ளே திரும்பி, "யோவ், கொறய்யா! பக்கத்தூட்டு சார் வந்துகிறாரு," என்றார்.

டிவி அடங்கியது. வீட்டில் சத்தமே இல்லை. நான் பேசுவதற்காக இருவரும் காத்திருந்தார்கள்.

"ஆமா, கொஞ்சம் ஜாஸ்தியாத்தான் இருந்தது," என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்தேன்.