ஒரு வாய்த் தண்ணீர்

"துப்பு. நல்லாத் துப்பு. உள்ள ஒண்ணும் மிச்சம் வெச்சுக்காத" என்கிறாள் லெயோன்தினா. கீரைக்காரி வாயிலிருந்த தண்ணீரைப் புளிச்சென்று தரையில் துப்புகிறாள். எதிரே மரவள்ளிக்கிழங்கு விற்கிறவள் முறைத்துக்கொண்டு நிற்கிறாள். நேற்று கீரைக்காரி அவளைத் திருடி என்று சொன்ன சொல், தண்ணீரோடு வெளியே போய்விட்டது.

"காதுல கேட்டுட்டியா?" என்று கிழங்குக்காரியைப் பார்க்கிறாள்.

"கேட்டுட்டேன்."

அவ்வளவுதான். சுரைக்குடுக்கையைக் கவிழ்த்துவிட்டு லெயோன்தினா இஞ்சிச் சாறு ஊற்றப் போய்விடுவாள்.

ஹாலந்துக்காரர்கள் அடிமைகளை வைத்துத் தோட்டம் நடத்திய தென் அமெரிக்க ஊர் பரமாரிபோ. அதன் சந்தையில் முப்பது வருஷமாக அவளுக்கு இந்த உபதொழில். வயது ஐம்பத்தெட்டு. கூட்டம் குறைந்தால் செருப்பைக் கழற்றி, வீங்கிய பாதங்களை ஐஸ் பெட்டிமேல் வைத்துக்கொள்வாள். தான் விற்கும் சாற்றைக் குடிக்கமாட்டாள், நெஞ்சு எரிகிறதாம். சண்டை தீர்ப்பதில் மட்டும் கறார். தப்பு செய்தவர் நேரில் வரவேண்டும், செய்ததை வாய்விட்டுச் சொல்லி, வாய்த் தண்ணீரோடு துப்பவேண்டும். "ஆள் வராம மன்னிப்பு மட்டும் வந்தா, அது தபால்" என்பாள். தீராத சண்டை அந்த வீட்டில் பிறக்கப்போகும் பிள்ளையைப் பிடித்துக்கொள்ளும் என்பது இங்கே எல்லோருக்கும் தெரிந்த விஷயம். பக்கத்தில் கடை போட்டிருக்கும் எனக்கும் பாதி நம்பிக்கை உண்டு.

போன டிசம்பரில் மீன்காரன் ஹெர்மன் கடை டிவியில் ஹாலந்துப் பிரதமர் தோன்றி, அடிமை வியாபாரத்துக்காக அரசாங்கத்தின் சார்பில் மன்னிப்புக் கேட்டார். சந்தையே நின்றுவிட்டது. சிலர் அழுதார்கள். ஹெர்மன் சத்தத்தைக் குறைத்துவிட்டுத் திரும்பினான்.

"என்னக்கா, தீந்துச்சா?"

லெயோன்தினா ஐஸ் பெட்டிமேலிருந்த பாதங்களை இறக்கிக்கொண்டாள். தீர்ப்புச் சொல்ல அவள் தடுமாறி நான் பார்த்ததே இல்லை.

"தெரியலையேப்பா. அடிச்சவன் உசுரோட இல்ல, அடிபட்டவளும் இல்ல. இவரு யாரு வாயால சொல்றாரு? நான் யாரு காதால கேக்கறது?"

"வாயில தண்ணியும் வெக்கலியே" என்றான் ஹெர்மன். எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை.

காரணம் அவள் மகள் ஷெரீடா. ஏழு மாதக் கர்ப்பிணி. முந்தின இரண்டும் தங்கவில்லை. இறந்துபோன பெரியவர்களுக்கு, அடிமைகளாக இருந்தவர்களையும் சேர்த்து, புத்தாண்டன்று அவர்கள் வீட்டில் படையல் உண்டு. எந்த வழக்கு தீர்ந்தது, எது தீரவில்லை என்று அப்போது அவர்களிடம் சொல்லியாக வேண்டும்.

"தீந்துருச்சுன்னு சொல்லிரும்மா. எனக்கு இந்தப் புள்ள வேணும்" என்றாள் ஷெரீடா, ஒருநாள் கடைக்கு வந்து.

"தீராதத தீந்துச்சுன்னா அந்தப் பொய்யும் வந்து புடிச்சுக்கும்டி."

"அப்ப தீரலன்னு சொல்லு."

"அவரு கேட்டாரே! கேட்டத கேக்கலன்னு எப்படிச் சொல்றது?" குரலைத் தாழ்த்திச் சேர்த்தாள்: "நம்ம கொள்ளுத்தாத்தா யாரு? தோட்டத்துக் கங்காணி. அவரும் அடிமதான். ஆனா சவுக்கு அவரு கையிலதானே இருந்துச்சு. அவரு அடிச்சவ பேத்தியத்தான் அவரு மகன் கட்டினாரு. இந்த வீட்லயே ரெண்டு பக்கமும் இருக்கேடி, நான் எந்தப் பக்கம் நிக்கறது?"

எனக்கும் ஒன்றும் விளங்கவில்லை. அவளைப் பார்க்கப் பாவமாக இருந்தது.

புத்தாண்டன்று முற்றத்து மேசையில் சோறு, உப்பு மீன், வாழைப்பழ வறுவல், கறுப்பு பீர் எல்லாம் வைத்தாயிற்று. சொந்தக்காரர்களோடு நானும் சுற்றி நின்றேன். மற்ற வழக்குகளை ஒவ்வொன்றாகச் சொல்லி முடித்தாள் லெயோன்தினா. இது ஒன்றுதான் பாக்கி. பிறகு தண்ணீர்க் குடுக்கையை எடுத்தாள். பெரியவர்களுக்காக மண்ணில் ஊற்றப்போகிறாள் என்று நினைத்தேன். தப்பு செய்தவர் செய்வதுபோலத் தானே ஒரு வாய் நிறைய மொண்டுகொண்டாள்.

"யாருக்காகம்மா?" என்றாள் ஷெரீடா.

பதில் சொல்ல முடியாது. வாய் நிறையத் தண்ணீர். உப்பிய கன்னங்களோடு படையல் பக்கம் திரும்பினாள். துப்பவில்லை. ஹாலந்து இருக்கும் கடல் திசையில் திரும்பினாள். துப்பவில்லை, விழுங்கவும் இல்லை. கண்ணில் நீர் கட்டிவிட்டது. அப்படியே நடந்து வந்து, இரண்டு கைகளாலும் மகளின் வயிற்றைப் பொத்திக்கொண்டாள்.