இரண்டாவது பந்தி

அன்றைக்கு அங்கே இருந்தவர்கள்: அம்மா, அக்கா, நான், சோற்றுச் சட்டியைச் சுமந்து வந்த பக்கத்துக் காம்பரா வீட்டுச் செல்லையா மாமா. உள்ளே, பதுளை மடத்தில் தங்கியிருந்த வயசாளிகள் பத்தொன்பது பேர். அவர்களைப் பார்த்துக்கொள்ளும் மேட்ரன் ஒருவர்.

அப்பாவின் முதல் திவசம். மடத்தில் இருப்பவர்கள் சாப்பிட்ட பிறகுதான் தன் வாயில் தண்ணீர் படும் என்று முருகனிடம் சொல்லிவிட்டு வந்திருந்தாள் அம்மா. தெமோதரையில் பஸ் கிடைக்கவில்லை... போய்ச் சேரும்போது மணி இரண்டு.

வாசலில் கழுவிக் கவிழ்த்த அலுமினியத் தட்டுகள். ஈரம் காயவில்லை.

"முன்னாடியே சொல்லி வைக்கக் கூடாதாம்மா? இன்னைக்கு ஒரு முதலாளி வீட்டுச் சாப்பாடு. எல்லாரும் சாப்பிட்டாச்சு," என்றார் மேட்ரன்.

நாள் கேட்டு வைக்க வேண்டும் என்பதே எங்களுக்குத் தெரியாது. அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

அங்கே இருந்தவர்களில் பாதிப் பேர் தேயிலைத் தோட்டத்து ஆட்கள். வயசாகி வேலையில் இருந்து பேர் வெட்டியதும், தோட்டத்தில் பேர் பதிந்த பிள்ளை இல்லையென்றால் தோட்டம் குடியிருக்கக் கொடுத்த லயத்துக் காம்பராவை விட வேண்டும். பிள்ளைகள் இந்தியாவுக்குப் போய்விட்டவர்கள், பிள்ளையே இல்லாதவர்கள்... அவர்களுக்கு மடம்தான்.

அவர்களில் பொன்னாயி என்பவர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்.

"யாருக்கு தாயி தெவசம்?"

"எங்க வீட்டுக்காரருக்குங்க."

"பேரு?"

"முத்தையா."

"அது முதலாளி சோறு. இது முத்தையா சோறு. ரெண்டும் ஒண்ணா? எந்திரிங்கய்யா, தட்ட எடுங்க."

"இடுப்பு வேட்டியே இறுக்குது பொன்னாயி," என்றார் ஒரு பெரியவர்.

"தளர்த்திக்க. பெரட்டுக் கணக்குல அரை நாள் பேரு போட்டு அரைக் கூலி குடுத்தப்ப பட்டினி கெடந்தியே, அதுக்குச் சேர்த்து இப்ப சாப்பிடு."

பத்தொன்பது பேரும் உட்கார்ந்தார்கள். முதல் பிடியைக் கையில் எடுத்து, "முத்தையா, சாப்பிடுறோம்ப்பா" என்றார்கள். அப்பாவின் பெயரை அத்தனை பேர் ஒன்றாகச் சொல்லி அன்றுதான் கேட்டேன். பருப்பு, பூசணிக்காய், பாயாசம்... ஒருவர் தட்டிலும் மிச்சம் இல்லை.

பிறகு பொன்னாயி ஒரு டம்ளர் தண்ணீரை அம்மா கையில் கொடுத்தார்.

"குடி தாயி. ஒம் புருசன் சாப்பிட்டாச்சு."

இப்போது அந்த மடம் முதியோர் இல்லம். நல்ல கட்டில், சுடுதண்ணீர், டாக்டர் வருகிறார். எல்லாம் முருகன் அருள். திவச நாளைப் போனிலேயே கேட்டு வாங்கலாம். பரிமாறும் முன் போட்டோ எடுக்கிறோம்... யாருக்குத் திவசம், பேர் என்ன என்று மட்டும் இப்போது எவரும் கேட்பதில்லை.

அடுத்த மாதம் அம்மாவின் முதல் திவசம். போன் எடுத்ததும் நான் கேட்டது, "அன்னைக்கு வேற யாராவது சாப்பாடு குடுக்குறாங்களா?" என்றுதான். இல்லையாம். யாரும் எங்களுக்காக இரண்டு தடவை சாப்பிட வேண்டியதில்லை.

அங்கே இருபத்தாறு பேர். அம்மாவின் பெயர் காமாட்சி. அதைச் சொல்லிவிட்டுத்தான் பரிமாறப் போகிறேன். இதைப் படிக்கும் நம் குழுவில் கூட வருபவர்கள் யார் யார்? அரிசி அளக்க வேண்டும், வெள்ளிக்கிழமைக்குள் பதில் போடுங்கள்.