பேசினன் என்றால் ஏசினன்

என் பணப்பையில், குடியுரிமை அட்டைக்குப் பின்னால், நான்காக மடித்த ஒரு துண்டுத்தாள் இருக்கிறது. நீல மையில் இரண்டே வரி: "பேசு என்றால் ஏசு. கதை என்றால் பேசு." எழுதித் தந்தவர் என் அகதி விசாரணையில் மொழிபெயர்த்த பெண். என் வயதுதான் இருக்கும், தமிழ்நாட்டுக்காரர். நான் அவரை 'மிஸ்' என்றே கூப்பிட்டேன். இங்கும் அப்படியே இருக்கட்டும். மடிப்புகள் கிழியத் தொடங்கிவிட்டதால் மகள் டேப் ஒட்டித் தந்திருக்கிறாள்.

வவுனியாவில் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் நான் எழுதுவினைஞராக இருந்தேன். இராணுவம் லொறிகளை வாரக்கணக்கில் மறித்து வைத்ததால் பால்மாவும் மண்ணெண்ணெயும் வராமல் போனபோது, அங்கத்தவர் கூட்டத்தில் எழுந்து அரசாங்கத்தை வாய்க்கு வந்தபடி ஏசினேன். எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கும் கொஞ்சம் தலைக்கேறியது, பொய் சொல்வானேன்? அடுத்தடுத்த கூட்டங்களிலும் அதே பாட்டுத்தான். ஒரு நாள், என்னோடு சேர்ந்து குரல் கொடுத்த நண்பரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அவர் திரும்பி வரவில்லை. மறுநாள் என் பெயரைச் சொல்லி விசாரித்தார்கள். "நுணலும் தன் வாயால் கெடும் எண்டு சும்மாவே சொன்னவை?" என்று அழுதுகொண்டே மனைவி என்னை அனுப்பிவைத்தாள். அவளும் மூன்று வயது மகளும் அங்கேயே நின்றார்கள். விசாரணையில் என்னை ஏற்றுக்கொண்டால்தான் அவர்களைக் கூப்பிடலாம். இல்லையென்றால் நானே திரும்பிப் போகவேண்டும்.

அது தொண்ணூறுகளின் தொடக்கம். ரொறன்ரோவுக்கு வந்து ஐந்தாவது மாதம், மோர்னிங்சைட்டில் பஸ் எடுத்து, சப்வே மாறி, இரவல் கோட்டோடு நகரத்துக்கு விசாரணைக்குப் போனேன். ஏன் ஊரை விட்டு வந்தீர் என்று அதிகாரி கேட்டார். "அரசாங்கத்தை நல்லாப் பேசினனான்" என்றேன். மிஸ் அதை ஆங்கிலத்தில் சொன்னதும் அதிகாரியின் புருவம் உயர்ந்தது. எத்தனை தரம் என்று கேட்டார். நெஞ்சை நிமிர்த்தி, "ஒருக்காலே? எத்தினை கூட்டத்திலை பேசினனான்" என்றேன். அதிகாரி விறுவிறென்று எழுதினார். என் வழக்கறிஞரின் முகம் கறுத்தது. அவருக்குத் தமிழ் தெரியாது. எனக்கோ அந்த வேகத்து ஆங்கிலம் பிடிபடவில்லை. அரசாங்கத்தோடு இத்தனை தரம் உட்கார்ந்து பேசியவனுக்கு அதே அரசாங்கத்திடம் என்ன பயம் என்பது அதிகாரியின் சந்தேகம். அது எனக்குப் பிறகுதான் தெரியவந்தது.

அரசாங்கத் தரப்பு உமக்கு என்ன பதில் சொன்னது என்று அடுத்த கேள்வி வந்தது. எனக்குச் சிரிப்பே வந்துவிட்டது. "பேச்சு வாங்கினவை என்ன பதில் சொல்லுவினம், மிஸ்? கோவம்தானே வரும்" என்றேன்.

மிஸ் மொழிபெயர்க்கவில்லை. பேனாவை மேசையில் வைத்தார். அதிகாரியிடம் அனுமதி வாங்கிக்கொண்டு என் பக்கம் திரும்பினார்.

"நீங்க பேசினேன்னு சொல்றது, திட்டினதையா?"

"ஓம் மிஸ். ஏசினதைத்தான் சொல்லுறன்."

அவர் ஊரில் பேசுவதென்றால் உரையாடுவது. அதை நாங்கள் கதைப்பது என்போம். எங்களுக்குப் பேச்சென்றால் ஏச்சு. அதிகாரியிடம் அவர் மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னதால் எனக்கும் விளங்கியது: இதுவரை நடந்த பிழை தன்னுடையது, இவருடையது அல்ல, முதல் பதிலிலிருந்து திருத்திக்கொள்ளுங்கள். நிறைந்த அறையில் தன் தொழிலில் விட்ட பிழையை வாய்விட்டு ஒப்புக்கொள்வது லேசுப்பட்ட காரியமா? பேசாமல் இருந்திருந்தால் யாருக்கும் தெரிந்திராது. என்னை ஏற்றுக்கொண்டார்கள். அடுத்த வருடம் மனைவியும் மகளும் வந்து இறங்கினார்கள்.

சில வருடங்கள் கழித்து, குடியுரிமைச் சோதனைக்குப் படிக்க ஸ்காபரோ நூலகத்துக்குப் போனபோது மிஸ்ஸைக் கண்டேன். வரலாற்றுப் புத்தகம் ஒன்றைக் கையில் வைத்திருந்தார். அமெரிக்கா விடுதலை பெற்ற கொஞ்சக் காலத்திலேயே வெளிநாட்டவரை நாடுகடத்தவும், அரசைக் குறை சொல்பவரைச் சிறையில் போடவும் சட்டங்கள் கொண்டுவந்ததாம். பின்னாலேயே நாங்கள் இருக்கும் இந்த மாகாணமும் ஒன்று போட்டதாம்: வந்து ஆறு மாதமாகாத ஒருவர் அரசுக்கு எதிராகக் கிளப்பிவிடுகிறார் என்று சந்தேகம் வந்தாலே வெளியேறச் சொல்லலாம்.

"அப்போ வந்திருந்தீங்கன்னா, நான் சரியா மொழிபெயர்த்ததுக்காகவே உங்களை அனுப்பியிருப்பாங்க" என்று சிரித்தார்.

நானும் சிரித்தேன். ஆனால் அன்று வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அதுவே மனதில் நின்றது. இந்த நாடும் பிறக்கும்போதே நல்ல நாடாகப் பிறக்கவில்லை. பிழை பிழைதான் என்று யாரோ எப்போதோ ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். அந்தத் துண்டுத்தாள், அன்று நூலகத்தில் நான் மிஸ்ஸிடம் கேட்டு வாங்கியது.

போன மாதம் எங்கள் தெரு பஸ்ஸை நிறுத்தப் போகிறார்கள் என்று ஒரு கூட்டம். எழுந்து நின்று, ஏன் நிறுத்துகிறீர்கள் என்று என் உடைந்த ஆங்கிலத்தில் கேட்டுவிட்டு வந்தேன். மறுநாள் காலை யாரோ கதவைத் தட்டினார்கள். இத்தனை வருடத்துக்குப் பிறகும் திரையை விலக்கிப் பார்த்துவிட்டுத்தான் திறந்தேன். பக்கத்து வீட்டுப் பெண், கையில் மனு.

"அண்ணை, நேற்று நல்லாப் பேசினியளாம். இதிலை ஒரு கையெழுத்துப் போடுங்கோ."

பெயரை ஆங்கிலத்தில் பிழையில்லாமல் எழுத, பணப்பையிலிருந்து குடியுரிமை அட்டையை எடுத்தேன். துண்டுத்தாளும் கூடவே வந்தது. மிஸ் இப்போது எந்த ஊரில் இருக்கிறாரோ, நன்றாக இருக்கட்டும். தாளைத் திரும்ப மடித்து வைத்துவிட்டு, என் முழுப் பெயரையும் விலாசத்தையும் யாருக்கும் விளங்கும்படி பெரிதாக எழுதிக் கொடுத்தேன்.