கொழும்புத் தொட்டில்

இது நடந்தது. நம்பாதவர்கள் நம்பாமலே போகட்டும், யாருக்கும் நஷ்டமில்லை. 1946, திரேஸ்புரம்.

ஞானதீபத்தின் புருஷன் சிலுவை தோணியில் கொழும்புக்குப் போய் இரண்டு வருஷம் ஆகிவிட்டது. "வாற கிறிஸ்மஸுக்கு வந்திருதேன்" என்று ஆள் மூலம் சொல்லி அனுப்புவான். வரமாட்டான். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. அவன் வந்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று அவள் மலைபோல நம்பியிருந்தாள்.

பேசும் படம் வந்து எத்தனையோ காலமாகியும், அந்த ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் முற்றத்தில் காட்டியது பழைய ஊமைப்படம். ஓசிக்கு அதுதான் கிடைத்தது. ஆளில்லாத வீடு. நாற்காலி தானாக நகர்கிறது. தட்டு வந்து மேசையில் உட்காருகிறது. கத்தி தானாக ரொட்டி அறுக்கிறது. திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொன்னவர், "பயப்படாதிய. காமிராவ நிப்பாட்டி நிப்பாட்டி எடுத்த வித்தை" என்றார். ஞானதீபம் வயிறு வலிக்கச் சிரித்தாள்.

மறுநாள் மதியம். கோயிலில் பன்னிரண்டு மணி அடித்து ஓய்ந்தது.

டர்ர்ர்...

திரும்பினாள். அடுப்படியில் கிடந்த முக்காலி நடுவீட்டில் நின்றது. அதன் முன்னால் சோற்று வட்டில் வந்து உட்கார்ந்தது. பக்கத்தில் தண்ணீர்ச் செம்பு. சிலுவை சாப்பிட உட்காரும் இடம் அது.

"யாரு?"



கொடியில் கிடந்த சேலை சரிந்தது. கீழே விழவில்லை. உத்தரத்தில் ஏறியது... முடிச்சு விழுந்தது...

தொட்டில்.

படத்தில் தொட்டில் கிடையாது.

சர்... சர்... ஆடியது. பிறகு நின்றது.

எட்டிப் பார்த்தாள். காலி.

தொட்டாள். கனத்தது.

பயம் போய் அழுகை வந்தது. மாதா அடையாளம் காட்டிவிட்டாள், அவர் வரப்போகிறார், பிள்ளையும் பிறக்கப்போகிறது என்று நினைத்தாள் பாவி மகள். பொழுது சாயும்வரை தொட்டிலை ஆட்டித் தாலாட்டுப் பாடினாள்.

அந்த வாரமே கொழும்புத் தோணியில் வந்து இறங்கினான் சிலுவையின் கூட்டாளி ஜேசுபாதம்.

"மதினி... அண்ணன் போயிட்டாரு. திங்கக்கிழமை மத்தியானம்."

"எங்கன வச்சு?"

"அவரு வீட்டுலதான்."

"ஏலே, அவரு வீடு இதுல்லா?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். அப்புறம் மென்று விழுங்கிச் சொன்னான். கொழும்பில் இன்னொருத்தி. கைக்குழந்தை வேறு. சாப்பாடு எடுத்துவைத்த நேரத்தில், பிள்ளையைத் தொட்டிலில் ஆட்டிக்கொண்டிருந்தவன் அப்படியே சரிந்துவிட்டானாம்.

ஞானதீபத்துக்கு உடம்பெல்லாம் எரிந்தது. செத்தவனுக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. இத்தனை நாள் தன்னை முட்டாளாக்கி வைத்திருந்தானே என்றுதான் நெஞ்சு கொதித்தது.

"இன்னொண்ணு மதினி. நான் கண்ணால பாத்தேன். எல்லாரும் அண்ணனச் சுத்தி அழுதுகிட்டு நிக்கோம். தொட்டில் பக்கம் ஒருத்தருமில்ல. பொழுது சாயுற வரைக்கும் அது தானா ஆடுச்சு. பிள்ளை சொகமா தூங்குச்சு."

அவள் உத்தரத்தை அண்ணாந்து பார்த்தாள்.

"ஆட்டுனது நான்தாம்ல" என்றாள்.