இடிக்கு அணைத்த போன்

இடி முழங்கினால் வீட்டில் எல்லா பிளக்கையும் பிடுங்கிவிடுவது எங்கள் கரிசல் பக்கத்து வழக்கம். போனையும் அணைத்துவிடுவோம். அன்று ஐந்து பிளக்குகளைப் பிடுங்கினேன். ஆறாவதாக, அப்டேட் ஓடிக்கொண்டிருந்த என் போனின் பொத்தானை, திரை இருளும்வரை அழுத்திப் பிடித்தேன். மழையும் பெய்யவில்லை. திரும்பப் போட்டபோது போனும் கம்பெனிப் பெயரைக் காட்டியதோடு நின்றுவிட்டது.

“இடி விழுந்திருந்தாக்கூட இப்படிப் போயிருக்காது,” என்றாள் மனைவி.

எங்கள் புஞ்சையின் எல்லைக்கல் அந்தப் போனுக்குள்தான் இருந்தது. கோடையில் நிலம் வெடித்ததில் சாய்ந்து நின்ற கல்லைப் பதினோரு படம் எடுத்திருந்தேன். பிறகு பக்கத்துப் புஞ்சைக்காரர் டிராக்டர் ஓட்டியதில் கல்லைக் காணோம். வெள்ளிக்கிழமை சர்வேயர் அளக்க வருகிறார். வேறு சாட்சி கிடையாது.

கோவில்பட்டியில் கம்பெனி சர்வீஸ் சென்டரில், சரிசெய்தால் உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும் என்றார்கள். பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருந்த ரிப்பேர்க் கடைக்குப் போனேன்.

“படம் அழியாம சாப்ட்வேர் ஏத்திப் பாக்கலாம் அண்ணாச்சி,” என்றார் கடைக்காரர். “ஆனா இது கம்பெனி டூல் இல்ல. யாரோ எழுதி நெட்ல போட்டது. பாதியில நின்னா போன் மொத்தமா போயிரும். உள்ள வேற என்னத்த வச்சிருக்கான்னு எனக்கும் தெரியாது.”

“தெரியாததையா போடுதீங்க?”

“நெறைய போன் பொழச்சிருக்கு. மூணு செத்திருக்கு.”

சிம்மைக் கழற்றி வாங்கிக்கொண்டு தலையாட்டினேன். லேப்டாப்பில் பச்சைக் கோடு நகர்ந்தது. சதவீதத்தை வாய்க்குள் எண்ணிக்கொண்டிருந்தேன். அறுபத்துநாலில் வெளியே இடி இடித்தது. என் கை தானாகச் சுவரிலிருந்த சுவிட்சுக்குப் போனது.

“கைய எடுங்க. அங்கன தொட்டீங்கன்னா நாலாவது உங்க போன்தான்.”

இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்து உட்கார்ந்தேன்.

போன் உயிர் பெற்றது. பதினோரு படங்களும் இருந்தன. அவற்றை நான் கொண்டுபோயிருந்த மனைவியின் போனுக்கு மாற்றித் தந்த கடைக்காரர், “இனிமே இதுல பேங்க் சமாச்சாரம் வச்சுக்கிடாதீங்க,” என்றார்.

வெள்ளிக்கிழமை, ஐந்தாவது படத்தில் கல்லுக்குப் பின்னால் தெரிந்த வேப்பமரத்தை வைத்து, சர்வேயர் ஓர் இடத்தைத் தோண்டச் சொன்னார். ஒரு முழ ஆழத்தில் கடப்பாரை கல்லில் தட்டியது.

உள்ளே யார் என்னத்தை வைத்திருக்கிறார்களோ என்று அந்தப் போனை அணைத்து அலமாரியில் வைத்திருக்கிறேன். தண்ணீர் குடிக்கப் போகும்போதெல்லாம் கதவைத் திறந்து, அது அணைந்துதான் கிடக்கிறதா என்று பார்த்துக்கொள்கிறேன்.