அமாவாசைத் துணி

தை அமாவாசைக்குப் பழவேற்காடு ஏரியில் முழுகப் போயிருந்தோம். முழுகி எழுந்ததும் உடுத்தியிருந்ததைத் தண்ணீரில் விட்டால் பாவம் போகும் என்பார்கள். என் மச்சானும் டெரிலின் சட்டையைக் கழற்றி விட்டார்.

சற்றுத் தள்ளி, இடுப்பளவுத் தண்ணீரில் ஒரு பெண் குனிந்து சேற்றைத் துழாவி இறால் பிடித்துக்கொண்டிருந்தாள். பிடித்ததைப் போடும் ஓலைப்பறியைப் பல்லில் கடித்திருந்தாள். சட்டை அவள் கையில் மாட்டியது. பறியை வாயிலிருந்து எடுத்துவிட்டுக் கத்தினாள்.

"இன்னா சாமி, கைய வுட்டா எறா இல்ல, உங்க துணிதான் வருது! என் புள்ளைங்களுக்கு இத்தையா ஆக்கிப் போடுவேன்?"

"ஐதீகம்மா. கங்கைக்குக் குடுத்தது," என்றார் மச்சான்.

"கங்கம்மா வந்து டெர்லின் சட்ட கேட்டாளா? நூல் துணின்னாலும் மக்கிப்பூடும். இது என்னிக்கி மக்கும்? ஊட்டுக்கு எத்தும்போயி தோச்சிப் போட்டுக்க!"

சட்டையை அவர் முகத்திலேயே வீசினாள். மறுபடி பறியைக் கடித்துக்கொண்டு குனிந்துவிட்டாள்.

எனக்கும் கோபம் பொங்கியது, அவள்மேல் அல்ல. கும்பிடுகிற தண்ணீரையே குப்பையாக்கிவிட்டு அதைப் புண்ணியம் என்கிறோமே! இப்போதெல்லாம் முழுகிய ஈர வேட்டியோடுதான் பஸ் ஏறுகிறேன். பாவத்தைத் திரும்பச் சுமந்து வருகிறேன் என்று வீட்டில் முணுமுணுக்கிறார்கள். என் பாவத்தைச் சுவாமி பார்த்துக்கொள்வார். அன்றைக்கு அந்தப் பிள்ளைகள் சாப்பிட்டார்களா என்பதுதான் எனக்கு இன்றுவரை தெரியவில்லை.