பவுசரில் இருந்த அரிஷ்டப் போத்தல்

நான் குடிக்காதவன். ஜெர்மனியில் எங்கட ஊன்ட்றொப் அம்பாள் கோயில் தேர்த் திருவிழாவில் கார் தரிப்பிடத்தில் பியர் திறக்கும் பொடியன்களைக் கண்டால் என் வாய் சும்மா கிடக்காது. பெற்றோல் ஏற்றும் பவுசர் லொறி ஓட்டுகிறவனுக்கு இந்த நாட்டில் ஒரு துளியும் ஆகாது. என்னோடு பவுசர் ஓடிய ஓர் அண்ணை, கல்யாணவீட்டுக் குடி தெளியாமல் மறுநாள் காலையில் வண்டி எடுத்து அகப்பட்டார். அந்தப் பதிவு வருடக்கணக்கில் அழியவில்லை. லைசென்ஸைத் திருப்பி எடுத்த பிறகும் எந்தக் கம்பனியும் அவரைச் சேர்க்கவில்லை. இப்போது களஞ்சியமொன்றில் பெட்டி அடுக்குகிறார். குடிகாரனுக்கு உது வேணும் என்று நானும் சொல்லித் திரிந்தேன்.

அரிஷ்டம் குடியில்லைத்தானே. வாய்வுக்கு நல்லதென்று மனைவியின் தமக்கை யாழ்ப்பாணத்திலிருந்து அனுப்புவார். மூடியால் அளந்து குடிக்க வேண்டும். எனக்கு அந்தப் பொறுமையெல்லாம் கிடையாது, அண்ணாந்து ஒரு மடக்கு.

போன வருடம் ஹனோவருக்குக் கிட்ட, நெடுஞ்சாலை ஓய்விடத்தில் சோற்றுப் பார்சலைச் சாப்பிட்டு, வழமைபோல ஒரு மடக்கு விட்டு, வண்டியை எடுக்கப்போனேன். கதவில் தட்டினார்கள். பொலிஸ். என் மகளின் வயதுதான் இருக்கும் அந்தப் பெண்ணுக்கு. ஊதச் சொன்னாள். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு ஊதினேன். அவள் கருவியைத் திருப்பிக் காட்டினாள். அதில் இருந்த எண் பூச்சியம் இல்லை.

இது மருந்து என்று போத்தலை நீட்டினேன். லேபலின் அடியில் பொடி எழுத்தில் இருந்ததை அவள் விரல் வைத்துக் காட்டினாள். அல்ககோல். இத்தனை காலமும் நான் அதை வாசித்ததேயில்லை.

"ஒவ்வொரு நாளும் குடிக்கிறீங்களா?" என்று கேட்டாள்.

"ஓம், ஒவ்வொரு நாளும்" என்று ஜெர்மனில் சொன்னேன். மருந்தை ஒழுங்காக எடுக்கிறவன் என்று காட்டத்தான் சொன்னேன். விசர் வாய்.

வாயில் ஒட்டியிருப்பது போகட்டும், கொஞ்சம் பொறுத்து மறுபடி ஊதுங்கள் என்றாள். வண்டிப் படியில் குந்தியிருந்தேன். மனைவிக்கு போன் எடுத்தேன். "அது மருந்தெல்லோ? அவையளுக்கு வடிவாச் சொல்லுங்கோவன்" என்றாள். எரிச்சலில் வைத்துவிட்டேன். அம்பாளே, என்னையும் பெட்டி அடுக்க விட்டிடாதை என்று அந்த இடத்திலேயே நேர்ந்தேன்.

இரண்டாம் முறை பூச்சியம் காட்டியது. இதை இனி வண்டியில் வைக்கவேண்டாம் என்று சொல்லி, போத்தலைத் திருப்பித் தந்துவிட்டுப் போனாள்.

ஏறி இருந்தேன். வண்டித் திறப்பை உடனே போடவில்லை. மனம் அடங்கட்டும் என்று கண்ணை மூடிக்கொண்டேன். மூக்கில் அந்த வாசம் அடித்தபோதுதான் கண்ணைத் திறந்தேன். போத்தல் உதட்டருகில் இருந்தது. மூடி என் மடியில் கிடந்தது. எப்போது திறந்தேன் என்று தெரியவில்லை. கருவி எண்ணைக் காட்டியபோதுகூட நான் இப்படிப் பயப்படவில்லை.

மூடியைத் திருப்பிப் போட எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.